கொழும்பு வானவில் ஊர்வலமும் நம்ம லயத்துப் பிள்ளைகளும்

ஜூன் மாதம் வந்துவிட்டால் மலையகத்தில், ஹட்டன் டவுனில்கூட இந்தப் பேச்சு அடிபடும். ஒருபால் ஈர்ப்பு உள்ளவர்களும் திருநங்கைகளும் கொழும்பில் வானவில் கொடி பிடித்து நடக்கிறார்களாம், பணக்கார வீட்டுப் பிள்ளைகளுக்கு வேறு வேலை இல்லையாம், நமக்கும் அதுக்கும் என்ன சம்பந்தமாம். கேட்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது. அந்தக் கூட்டத்தில் நம் தேயிலைத் தோட்டங்களில், லயம் என்கிற வரிசை வீடுகளில் பிறந்த பிள்ளைகளும் நடக்கிறார்கள். வெளியே சொல்ல முடியாததால்தான் உங்களுக்குத் தெரியவில்லை.

கொழும்பு பிரைட் என்கிற இந்த வானவில் விழா 2005இல் தொடங்கியது. அதற்கு முந்தைய வருடம் ரோசானா பிளேமர்-கல்தேரா உருவாக்கிய ஈக்வல் கிரவுண்ட் அமைப்புதான் அதை நடத்தியது. பிரைட் என்றதும் ரோட்டை அடைத்துக்கொண்டு போகும் ஊர்வலம்தான் நம் கண்ணுக்கு வரும். ஆனால் இங்கே அப்படி நடக்க வழியே இருக்கவில்லை. படம் போட்டார்கள், ஓவியக் கண்காட்சி வைத்தார்கள், கடற்கரையில் வானவில் நிறப் பட்டம் விட்டார்கள். பெரும்பாலும் தெரிந்தவர்களுக்குள்ளே, மண்டபத்துக்குள்ளே.

காரணம் சட்டம். ஒரே பாலினத்தவர் உறவைக் குற்றமாக்கப் பயன்படுபவை தண்டனைச் சட்டக்கோவையின் இரண்டு பிரிவுகள். 365ஆம் பிரிவுக்கு 10 வருடம் வரை சிறை. 365ஏ பிரிவுக்கு 2 வருடம் வரை. ஆண்களை மட்டும் குறிவைத்த 365ஏயை 1995இல் திருத்தினார்கள். நீக்குவதற்கு இல்லை, பெண்களையும் உள்ளே இழுப்பதற்கு! திருநங்கைகளைப் பிடிக்க 1841ஆம் வருடத்து அலைந்து திரிவோர் சட்டமும் பொலிஸ் கையில் தயாராக இருந்தது.

"இதெல்லாம் வெள்ளைக்காரன் கலாசாரம்" என்பவர்களிடம் ஒன்று கேட்கிறேன். அந்தச் சட்டக்கோவையை 1883இல் கொண்டுவந்தது யார்? கோப்பிச் செடிகள் நோயில் அழிந்து, மலை மலையாகத் தேயிலை நட்டுக்கொண்டிருந்த காலம் அது. நம் பாட்டன் பூட்டனை லயத்தில் அடைத்த அதே ஆட்சிதான் இந்தச் சட்டத்தையும் எழுதியது. லயத்தை உடைத்து வீடு கட்டித் தா என்று கேட்கிறோம், சரி. இதை மட்டும் ஏன் நம் பண்பாடு என்று நெஞ்சோடு அணைத்துக்கொள்கிறோம்?

ஊர்வலம் ரோட்டுக்கு வந்தது 2022 ஜூன் 25ஆம் திகதி. பெற்றோல் இல்லை, கேஸ் இல்லை, மண்ணெண்ணெய்க்கு வரிசை. அரசாங்கத்துக்கு எதிராக நாடே கொழும்பு காலிமுகத்திடலில் இறங்கியிருந்த நேரம். அந்தப் போராட்டக்களத்தில் வானவில் கொடியோடு பட்டப்பகலில் நடந்தார்கள். எல்லோருமாகச் சேர்ந்து "எங்கள் நாடு" என்று சொன்ன இடத்தில், "நாங்களும்தான்" என்று இவர்களும் சொன்னார்கள். அதற்கு நாலு வருடத்துக்கு முன், 2018 நவம்பரில், ஜனாதிபதியாக இருந்த மைத்திரிபால சிறிசேன அரசியல் எதிரிகளை மட்டம்தட்ட மேடையில் "வண்ணத்துப்பூச்சி" என்று, ஒருபால் ஈர்ப்புள்ள ஆண்களைக் கேலி செய்யும் சொல்லைச் சொல்ல, கூட்டம் சிரித்தது. அந்தச் சிரிப்புக்குப் பிறகும் இவர்கள் ரோட்டில் இறங்கினார்கள் பாருங்கள், அந்தத் தைரியத்தை நான் சும்மா விட்டுவிட்டுப் போக மாட்டேன்.

எனக்குத் தெரிந்த ஒரு தம்பி. எங்கள் பக்கத்து டிவிஷன், கொழும்பில் கடையில் வேலை. ஊர்வலம் முடிந்து ஹட்டன் பஸ்ஸில் ஏறினால், கினிகத்தேனை வருவதற்குள் நகப்பூச்சைச் சுரண்டி எடுத்துவிடுவான். ஓரத்தில் கொஞ்சம் ஒட்டியிருந்தால் கையைச் சட்டைப்பைக்குள்ளேயே வைத்திருப்பான். லயத்து ஒற்றை அறைக் காம்பிராவில் மறைய இடம் ஏது? பத்தடிக்குப் பன்னிரண்டடி, நடுவில் ஒரு சுவர், இந்தப் பக்கம் இருமினால் அந்தப் பக்கம் கேட்கும். கொழும்பில் வசதியானவர்களுக்குப் பூட்டிக்கொள்ள ஓர் அறையாவது இருக்கிறது. லயத்துப் பிள்ளைக்கு அதுவும் இல்லை. பிரைட் பணக்காரருக்கானது என்ற பேச்சு எனக்குத் தலைகீழாகப் படுவது இதனால்தான்.

"முதலில் சம்பளம், காணி, வீடு. இதெல்லாம் அப்புறம்" என்று தொழிற்சங்கத்தில் இருக்கும் அண்ணன்மார் சொல்வார்கள். நானும் சங்கக் குடும்பத்துப் பிள்ளைதான், அந்தக் கோரிக்கைகளின் நியாயம் எனக்கும் தெரியும். ஆனால் 7 பேர்ச்சஸ் காணி என்று பேசுகிறோமே, அது யாருக்கு? குடும்பத்துக்கு. கல்யாணம் வேண்டாம் என்று நிற்கிற பிள்ளை, வீட்டை விட்டுத் துரத்தப்பட்ட திருநங்கை, இவர்கள் எந்தப் பட்டியலில் வருவார்கள்? காணிப் பிரச்சினைக்குள்ளேயே இவர்களும் இருக்கிறார்கள் அண்ணே. அப்புறம் என்று தள்ளிவைக்க இது தனி விஷயம் இல்லை.

நடப்பது எதற்கு என்று நமக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. 1948இல் குடியுரிமையைப் பறிகொடுத்த சனம் நாம். 2023இல், நம் முன்னோர் இந்தியாவிலிருந்து வந்து 200 வருடமாயிற்று என்று, தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடந்தோம். எங்களையும் இந்த நாட்டு மனிதராக மதியுங்கள் என்பதுதானே கேட்டது? கொழும்பில் நடக்கிறவர்கள் கேட்பதும் அதைத்தான்.

மாசி மாதம் காமன் கூத்தில் ரதியாக வருவது யார்? நம் தோட்டத்து ஆண்பிள்ளைதான். சேலை கட்டி, பூ வைத்து, விரதமிருந்து ஆடும் அவரைக் கையெடுத்துக் கும்பிடுகிறோம். வேடம் கட்டுகிறவர்கள் எல்லாம் திருநங்கைகள் என்று நான் சொல்லவில்லை. அப்படிப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு, ரோட்டில் போகும் ஒரு திருநங்கையைப் பார்த்துக் கல்லெறியத் தோன்றக்கூடாது என்கிறேன்.

இனிச் சட்டத்தின் கதை. 2016இல் சுகாதார அமைச்சு பாலின அங்கீகாரச் சான்றிதழுக்குச் சுற்றறிக்கை விட்டது. அதை வைத்துப் பிறப்புச் சான்றிதழைத் திருத்தலாம். இது பலருக்கு இன்னும் தெரியாது, தெரிந்தவர்களுக்குச் சொல்லுங்கள். அப்போது பாராளுமன்ற உறுப்பினராக இருந்த பிரேம்நாத் தொலவத்த, ஒரே பாலினத்தவர் உறவு குற்றமில்லை என்று 365, 365ஏ பிரிவுகளை மாற்றத் தனிநபர் சட்டமூலம் கொண்டுவந்தார். அது அரசியலமைப்புக்கு முரணில்லை என்று 2023 மே மாதம் உயர் நீதிமன்றமும் சொன்னது. அவ்வளவு தூரம் வந்தும் நிறைவேறவில்லை. 2024இல் பாராளுமன்றம் கலைந்தபோது அதுவும் போயிற்று.

மறுபடி அப்படி ஒன்று வந்தால், நம் வாக்கில் போன உறுப்பினர்கள் எந்தப் பக்கம் கை தூக்குவார்கள்? இதுவரை யாரும் அவர்களை நிறுத்திக் கேட்டு நான் பார்த்ததில்லை. அடுத்த தேர்தலுக்கு எங்கள் லயத்துக்கு வருகிறவர்களிடம் ரோட்டையும் தண்ணியையும் பற்றிக் கேட்டுவிட்டு, 365 பற்றியும் கேட்கப்போகிறேன். அம்மாமார் முன்னால், சத்தமாகவே கேட்பேன். நீங்களும் உங்கள் தோட்டத்தில் கேளுங்கள்.