எம்பி3ஐ ஊதினா ஃபிளாக் ஆகுமோ?

திருமலை டவுனில பென்ட்ரைவுக்குப் பாட்டு அடிச்சுத் தாற சில கடைகளில "ஃபிளாக்" (FLAC, சத்தம் ஒண்டும் குறையாமச் சேமிக்கிற கோப்பு வகை) எண்டு சொல்லிக் கூடக் காசு வாங்கிறாங்கள். கொண்டுபோய் ஸ்பெக்கில (Spek, பாட்டில எந்த அதிர்வெண் எவ்வளவு இருக்கெண்டு நிறத்தில காட்டிற மென்பொருள்) போட்டுப் பாத்தா, 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேல கத்தியால வெட்டின மாதிரி ஒரே கறுப்பு. சத்தத்தில கொஞ்சத்தை வெட்டிச் சின்னதாக்கின 128 கேபிபிஎஸ் எம்பி3ஐ அப்படியே மாத்தி வச்சிருக்கு! 4 எம்பி கோப்பு 25 எம்பி ஆகும், போன சத்தம் திரும்பி வராது. ஹை-ஹாட் (டிரம்ஸில இருக்கிற சோடித் தாளம்) தட்டிறது தண்ணிக்குள்ள கேக்கிற மாதிரிக் கரையும். சீடியில இருந்து ஒழுங்கா எடுத்ததெண்டா 22 கிலோஹெர்ட்ஸ் கிட்ட வரைக்கும் நிறம் தெரியும். பழைய டேப் பாட்டு மேல போகப்போக மெல்ல மங்கும், அது பிழையில்லை. நேர்கோடா அறுந்தாத்தான் சந்தேகம். புளூடூத்தில சோதிக்காதேங்கோ, அதுவும் நெருக்கித்தான் அனுப்பும். எம்பி3 எண்டா எம்பி3 எண்டே சொல்லித் தாங்கோவன்!