லாங்ஸ்ட்ரீட் தலையில் கட்டிய கெட்டிஸ்பர்க்

அமெரிக்க உள்நாட்டுப் போர் பற்றிப் பேச்சு வந்தால் தென்தரப்பு ரசிகர்கள் (தமிழிலும் இருக்கிறார்கள், போர் வரலாற்று வீடியோக்களின் புண்ணியம்) தவறாமல் ஒன்றைச் சொல்வார்கள்: "லாங்ஸ்ட்ரீட் மட்டும் நேரத்துக்குத் தாக்கியிருந்தால் கெட்டிஸ்பர்க்கில் லீ ஜெயித்திருப்பார்." (லீ அங்கே தென்தரப்புப் படையின் தலைமைத் தளபதி, லாங்ஸ்ட்ரீட் அவருக்குக் கீழிருந்த தளபதி.) கேட்கும்போதெல்லாம் எனக்கு ஒரே கேள்விதான். மூன்று நாள் சண்டை நடந்தது 1863 ஜூலையில். இந்தப் பழி ஊரறிய மேடையேறியது 1872இல். இடையில் ஒன்பது வருஷம் இவர்கள் எல்லாம் எங்கே போயிருந்தார்கள்?

ஆளைப் பற்றிச் சுருக்கமாக. ஜேம்ஸ் லாங்ஸ்ட்ரீட் 1821இல் தென் கரோலினாவில் பிறந்தவர், ஜார்ஜியாவில் வளர்ந்தவர். வெஸ்ட் பாயிண்ட் ராணுவக் கல்லூரியில் 1842இல் தேறியபோது 56 பேரில் 54ஆவது. படிப்பு அவ்வளவுதான். ஆனால் அங்கே கிடைத்த சிநேகிதர் யுலிசஸ் கிராண்ட், பிற்பாடு வடக்குப் படையின் தலைவரும் அமெரிக்க ஜனாதிபதியும் ஆனவர். அவர் பின்னாளில் கட்டிக்கொண்டது லாங்ஸ்ட்ரீட்டுக்கு உறவுக்காரப் பெண்ணை. 1861இல் தென்மாநிலங்கள் பிரிந்தபோது இவர் அந்தப் பக்கம் போனார், கிராண்ட் வடக்குப் பக்கம் நின்றார். 1862 ஜனவரியில் ரிச்மண்டில் பரவிய ஸ்கார்லட் காய்ச்சலில் சில நாட்களுக்குள் மூன்று பிள்ளைகளைப் பறிகொடுத்தார். அதுவரை சீட்டும் சிரிப்புமாக இருந்த மனிதர் அதற்குப் பிறகு வாய் திறப்பதே குறைந்துபோனது என்று கூட இருந்தவர்கள் எழுதியிருக்கிறார்கள்.

தளபதியாக அவருடைய பாடம் ஃபிரெடரிக்ஸ்பர்க். 1862 டிசம்பரில் அவருடைய ஆட்கள் ஒரு கற்சுவருக்குப் பின்னால் நின்றார்கள். வடக்குப் படை திறந்தவெளியில் அலை அலையாக ஏறி வந்து செத்து விழுந்தது. நல்ல இடமாகப் பார்த்து உட்கார், எதிரியை வரவை, அடி. இதைத்தான் அவர் பிடித்துக்கொண்டார்.

கெட்டிஸ்பர்க்கில் நிலைமை தலைகீழ். மேடு வடக்குப் படையின் கையில். எதிரியின் இடதுபக்கமாகச் சுற்றிப் போய், அவர்களுக்கும் வாஷிங்டனுக்கும் நடுவில் தோதான இடம் பிடித்து உட்காரலாம் என்றார் லாங்ஸ்ட்ரீட். லீ மறுத்தார். இரண்டாம் நாள் லாங்ஸ்ட்ரீட்டின் தாக்குதல் மாலை 4 மணி வாக்கில்தான் தொடங்கியது. ஒரு பிரிகேட் (படைப்பிரிவு) வந்து சேரட்டும் என்று லீயே ஒப்புக்கொண்ட காத்திருப்பு அதில் உண்டு. எதிரியின் கண்ணில் படாமலிருக்கப் பாதி வழியில் திரும்பி வேறு பாதையில் நடந்ததும் உண்டு. அவருக்கு மனசில்லாமல் இருந்ததும் உண்டு, அதை மறைக்கத் தேவையில்லை. மேலதிகாரி சொன்னது பிடிக்காத மனிதர் எவ்வளவு சுறுசுறுப்பாக வேலை செய்வார் என்பது ஆபீசில் வேலை பார்த்தவர்களுக்குத் தெரியும்.

மூன்றாம் நாள்தான் கொடுமை. ஏறக்குறைய 12,500 பேரை முக்கால் மைல் திறந்தவெளியில் நடக்கவிட்டு மேட்டைத் தாக்குவது லீயின் முடிவு. "போகலாமா?" என்று தாக்கப் போகவிருந்த தளபதி பிக்கெட் வந்து கேட்டபோது லாங்ஸ்ட்ரீட்டுக்கு வார்த்தை வரவில்லை. தலையை மட்டும் அசைத்தார். போனவர்களில் பாதிப்பேர் செத்தோ காயப்பட்டோ பிடிபட்டோ போனார்கள். திரும்பி வந்தவர்களிடம் தப்பு என்னுடையது என்று சொன்னது லீ. அவருடைய அதிகாரபூர்வ அறிக்கைகளில் லாங்ஸ்ட்ரீட் மீது பழி இல்லை. போர் முடிந்து 1866இல் எழுதிய கடிதத்தில், நீங்கள் எவ்வளவு நல்ல போர்வீரரோ அவ்வளவு நல்ல வியாபாரி ஆனால் எனக்குப் போதும் என்று வாழ்த்தியிருக்கிறார். குற்றவாளிக்கு எழுதும் கடிதமா அது?

பிறகு என்னதான் நடந்தது? 1867 நடந்தது.

நியூ ஆர்லியன்ஸில் பருத்தி, இன்சூரன்ஸ் என்று தொழில் பார்த்துக்கொண்டிருந்த லாங்ஸ்ட்ரீட் அந்த வருஷம் பத்திரிகைகளுக்குக் கடிதம் எழுதினார். தோற்றுவிட்டோம், தோற்ற தென்மாநிலங்களை மறுபடி சேர்த்துக்கொள்ள அமெரிக்க காங்கிரஸ் போட்ட மறுசீரமைப்புச் சட்டங்களை ஏற்றுக்கொள்வோம், கறுப்பின மக்களின் ஓட்டுரிமை உட்பட. உள்ளே ஒரு கணக்கும் இருந்தது: நாம் ஒத்துழைத்தால் அந்த ஓட்டு நம் கைக்குள் நிற்கும் என்பது. இருந்தாலும் தென்னாட்டு வெள்ளையர் காதில் அது துரோகமாகத்தான் விழுந்தது. லீயிடம் ஆதரவு கேட்டார், கிடைக்கவில்லை. 1868 தேர்தலில் பழைய சிநேகிதர் கிராண்டை ஆதரித்தார், 1869இல் நியூ ஆர்லியன்ஸ் துறைமுகத்தில் சுங்க அதிகாரிப் பதவி வந்தது. காசுக்கு விலைபோனவன் என்று ஏச இதைவிட என்ன வேண்டும்?

1870இல் லீ காலமானார். மறுத்துப் பேச அவர் இல்லை என்றான பிறகு, 1872 ஜனவரியில் லீயின் பிறந்தநாள் மேடையில் லீயின் கீழ் தளபதியாக இருந்த ஜுபல் எர்லி, தோல்விக்குக் காரணம் லாங்ஸ்ட்ரீட்டின் தாமதம் என்று பேசினார். மறுவருஷம் லீயின் பீரங்கிப் படைத் தலைவராக இருந்த வில்லியம் பெண்டில்டன் ஒருபடி மேலே போய், இரண்டாம் நாள் விடியற்காலையிலேயே தாக்கும்படி லீ லாங்ஸ்ட்ரீட்டிடம் சொல்லியிருந்தார் என்றார். லீயின் உதவியாளர்களாக இருந்த டெய்லர், மார்ஷல், வெனபிள், லாங் நால்வரிடமும் லாங்ஸ்ட்ரீட் எழுதிக் கேட்டார். அப்படி ஓர் உத்தரவு எங்களுக்குத் தெரியாது என்று நான்கு பேரும் பதில் போட்டார்கள். கதை சாகவில்லை. இதில் வேடிக்கை, எர்லியே முதல் நாள் கெட்டிஸ்பர்க்கில் சிமெட்ரி குன்றைப் பிடிக்காமல் விட்ட கோரில் (பல டிவிஷன்கள் சேர்ந்த பெரும் படைப்பிரிவு) ஒரு டிவிஷன் தளபதி. 1865இல் லீ அவரைப் பொறுப்பிலிருந்தே நீக்க வேண்டிவந்தது. பழி ஓரிடம் பாவம் ஓரிடம்.

1874 செப்டம்பர் 14. லூசியானாவின் குடியரசுக் கட்சி அரசைக் கவிழ்க்க வெள்ளையர் லீக் என்ற ஆயுதக் கும்பல் நியூ ஆர்லியன்ஸ் தெருவில் இறங்கியது. அதில் நிறையப் பேர் பழைய தென்தரப்புச் சிப்பாய்கள். எதிரே மாநகரப் போலீசையும், பெரும்பாலும் கறுப்பின வீரர்கள் கொண்ட மாநிலப் படையையும் நிறுத்தி நடத்தியது லாங்ஸ்ட்ரீட். தோற்றார், அடிபட்டார், பிடிபட்டார். மூன்று நாளில் மத்தியப் படை வந்துதான் அரசு மீண்டது. இதற்குப் பிறகு தென்னாட்டில் கெட்டிஸ்பர்க் பற்றி அவர் பக்க நியாயத்தை யார் காதில் வாங்கப்போகிறார்கள்!

இப்போது காற்று மறுபக்கம் அடிக்கிறது. அவரை மனந்திருந்திய மகாத்மா ஆக்கும் பதிவுகளும் வருகின்றன. அதற்கும் நான் தயாராக இல்லை. நாலு வருஷம் அடிமைமுறைக்காகப் போரிட்டவர். பென்சில்வேனியாவுக்குள் நுழைந்த லீயின் படை அங்கிருந்த கறுப்பின மக்களைப் பிடித்துத் தெற்கே அனுப்பியது. கெட்டிஸ்பர்க் சண்டை தொடங்கிய அதே நாளில், பிடித்தவர்களைக் கூடவே கொண்டுவரும்படி பிக்கெட்டுக்குப் போன கடிதம் லாங்ஸ்ட்ரீட்டின் தலைமையகத்திலிருந்து போனதுதான். 1863 கடைசியில் நாக்ஸ்வில்லில் தோற்றபோது தனக்குக் கீழிருந்த மெக்லாஸை ராணுவ நீதிமன்றத்துக்கு இழுத்தார். தன் தலையில் பழி விழுந்தபோது அலறியவர் அடுத்தவர் தலையில் போடவும் தயங்கவில்லை. 1896இல் வந்த அவருடைய நினைவுக்குறிப்புகளில் கசப்பும் சுயபுராணமும் கொஞ்சநஞ்சமில்லை.

ஆனால் சண்டைத் திறமையை வைத்துத்தான் தென்னாடு தன் தளபதிகளைக் கொண்டாடியது என்று மட்டும் யாரும் சொல்லாதீர்கள். இருபதாம் நூற்றாண்டில் ஒன்பது ராணுவத் தளங்களுக்குத் தென்தரப்பு ஆட்களின் பெயர் வைத்தார்கள். (2023இல் மாற்றினார்கள், 2025இல் அதே பெயர்கொண்ட வேறு வீரர்களைத் தேடிப்பிடித்துப் பழைய பெயர்களையே கொண்டுவந்துவிட்டார்கள், அது தனிக்கூத்து.) ஹூட், பிக்கெட், பென்னிங் மூவரும் லாங்ஸ்ட்ரீட்டின் கீழ் சண்டை போட்டவர்கள். பிராக் என்ற இன்னொரு தென்தரப்புத் தளபதியின் பெயரிலும் உண்டு. 1863இல் அந்த பிராக்குக்குச் சிக்கமாகாவில் வெற்றி தேடிக்கொடுத்த முக்கியத் தாக்குதலை நடத்தியது லாங்ஸ்ட்ரீட். ஒன்பதில் அவர் பெயர் இல்லை. கெட்டிஸ்பர்க் களத்தில் அவருக்குச் சிலை வந்ததே 1998இல்தான். நியூ ஆர்லியன்ஸில் அவரை அடித்து வீழ்த்திய கும்பலுக்கோ 1891லேயே நினைவுத்தூண் நின்றுவிட்டது, 1932இல் வெள்ளையர் மேலாதிக்கத்தைப் புகழும் வரிகளையும் அதில் செதுக்கினார்கள், 2017 ஏப்ரலில்தான் அது இறங்கியது. அந்த ஊரில் லாங்ஸ்ட்ரீட்டுக்கு ஒரு சிலை வைக்கலாமே என்று கேட்டால், வைக்கலாம், ஆனால் அன்று அவரோடு நின்ற கறுப்பின வீரர்களுக்கு வைத்த பிறகு என்பேன். அவருக்காவது போக ஒட்டோமான் நாட்டுத் தூதர் பதவியும் ஜார்ஜியாவில் ஒரு ஓட்டலும் இருந்தன. அவர்கள் அதே தெருக்களில்தான் வாழ்ந்தாக வேண்டியிருந்தது.