கலாமா பெண்களும் குஸ்மானின் கேமராவும்

ஆவணப்படம் ஒன்றைப் பாராட்ட வேண்டுமென்றால் ‘மன உறுதியின் கதை’ என்று எழுதிவிடுவது இப்போது வழக்கமாகிவிட்டது. ஓர் இழப்பு, கொஞ்சம் அழுகை, பின்னணியில் வயலின், கடைசிப் பத்து நிமிடத்தில் ஒரு புன்னகை என்று அச்சில் வார்த்தாற்போல வரும் படங்களைப் பார்த்துச் சலித்தவன் நான். சிலி நாட்டு இயக்குநர் பத்ரிசியோ குஸ்மான் 2010இல் எடுத்த ‘நாஸ்டால்ஜியா ஃபார் தி லைட்’ படத்தை மட்டும் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன் என்றால், அதில் வருகிற ஒருவரைக்கூட அவர் தேறிவிட்டவராகக் காட்டவில்லை என்பதே காரணம்.

படம் சிலியின் வடக்கிலுள்ள அட்டகாமா பாலைவனத்தில் நடக்கிறது. காற்றில் ஈரமே இல்லாததால் உலகின் பெரிய தொலைநோக்கிகள் பல அங்கே நிற்கின்றன. மண்ணுக்குள் கிடக்கும் எலும்புகளை மட்கவிடாமல் வைத்திருப்பதும் அதே வறட்சிதான். 1973 செப்டம்பர் 11 அன்று பினோசெட் தலைமையில் ஆட்சியைப் பிடித்த ராணுவம், அடுத்த மாதமே கலாமா நகரில் 26 பேரைக் கொன்று பாலைவனத்தில் புதைத்தது. பின்னாளில் அந்த உடல்களையும் இயந்திரம் வைத்துத் தோண்டி அகற்றியது. அப்போது சிதறி விழுந்த எலும்புச் சில்லுகளைத்தான் அவர்களுடைய மனைவியரும் சகோதரிகளும் சிறு மண்வாரிகளோடு ஆண்டுக்கணக்கில் தேடினார்கள். ‘காணாமல் ஆக்கப்பட்டோர்’ என்ற சொல்லைத் தமிழ் வாசகருக்கு விளக்கத் தேவையில்லை.

ஒரு சகோதரிக்குக் கிடைத்தவை சில பற்கள், மண்டையோட்டின் ஒரு பகுதி, காலணிக்குள் இருந்த ஒரு பாதம். அன்றிரவு எழுந்து, அடர்சிவப்புக் காலுறையோடு இருந்த அந்தப் பாதத்தைத் தடவிக்கொடுத்ததாகவும், மறுநாள் கணவர் வேலைக்குப் போனபின் காலை முழுவதும் அதனோடு உட்கார்ந்திருந்ததாகவும், உடன்பிறந்தவன் இறந்துவிட்டான் என்பது அப்போதுதான் உறைத்ததாகவும் அவர் சொல்கிறார். கேமரா அவர் முகத்தை விட்டு அவசரமாக நகர்வதில்லை.

இந்தப் பொறுமை குஸ்மானுக்குச் சும்மா வந்ததில்லை என்றே நினைக்கிறேன். ஆட்சிக்கவிழ்ப்புக்குப் பின் அவரும் தலைநகர் சாந்தியாகோவின் தேசிய விளையாட்டரங்கில் அடைத்து வைக்கப்பட்டவர். அவருடைய ‘தி பேட்டில் ஆஃப் சிலி’ படத்தின் ஒளிப்பதிவாளர் ஹோர்ஹே முல்லரை 1974இல் ரகசியக் காவல்துறை பிடித்துச் சென்றது. அவர் திரும்பவே இல்லை.

மிகேல் லாவ்னர் என்ற கட்டடக்கலைஞரும் படத்தில் வருகிறார். ராணுவ ஆட்சியில் தான் அடைக்கப்பட்ட சிறைமுகாமைக் காலடிகளால் அளந்து, இரவில் வரைந்து, விடிவதற்குள் கிழித்துப் போட்டுவிட்டு, பிற்பாடு டென்மார்க்கில் அகதியாக இருந்தபோது அத்தனையையும் நினைவிலிருந்தே மறுபடி வரைந்தவர். அவர் நடந்து காட்டும் வீட்டில், நினைவுகளை ஒவ்வொன்றாக இழந்துகொண்டிருக்கும் அவருடைய மனைவியும் இருக்கிறார். இதை வைத்துக் கண்ணீர் பிழிய எத்தனை பேருக்குக் கை துறுதுறுத்திருக்கும்! குஸ்மான் ஓரிரு வாக்கியங்களோடு நகர்ந்துவிடுகிறார்.

ஒரு குறையும் உண்டு. வானத்தைப் பார்க்கும் தொலைநோக்கிகள் இந்த மண்ணுக்குள்ளும் ஊடுருவிப் பார்க்கக் கூடாதா என்று ஏங்கும், எலும்பு தேடும் கலாமா பெண்களில் ஒருவரான வியோலெத்தா பெர்ரியோஸை, முடிவில் இன்னொரு பெண்ணோடு ஒரு தொலைநோக்கியின் முன் நிறுத்துகிறார். நான் கேலி செய்த அந்தப் புன்னகை இங்கேயும் வரத்தான் செய்கிறது; ஆனால் அது அவர்களுடையது, ஒரு கணம் வந்து போவது. அதன்மேல் மின்னும் துகள்களை வேறு தூவுகிறார் குஸ்மான். அந்த முகங்களுக்கு ஜிகினா எதற்கு?