எழுநூறு ரூபாய்ப் பேய்

போன மாதம் எழுநூறு ரூபாய் கொடுத்துப் பேய் பார்க்கப் போனேன். ஐம்பத்திரண்டு வயதில் இது தேவையா என்று கேட்க நினைப்பவர்கள் வரிசையில் நிற்கவும். எங்கள் வீட்டுக்காரர் ஏற்கெனவே முதல் ஆளாக நிற்கிறார்.

எல்லாம் அண்ணன் மகன் செய்த வேலை. சென்னையிலிருந்து விடுமுறைக்கு வந்திருந்தான். "அத்தை, மயிலாடுதுறையிலிருந்து வேன்ல கூட்டிட்டுப் போறாங்க. தரங்கம்பாடி, நாகப்பட்டினம், அங்க இருக்கிற வெள்ளைக்காரன் கல்லறை எல்லாம் ராத்திரியில காட்டுறாங்க. ஆளுக்கு எழுநூறுதான், பரோட்டாவும் சேர்த்து. நீங்களும் வாங்க" என்றான். வருகிறேன் என்று உடனே சொல்லிவிட்டேன். அவனே எதிர்பார்க்கவில்லை.

நான் ஏன் சொன்னேன் என்பதை அவனிடம் சொல்லவில்லை, இங்கே சொல்கிறேன். அதுவரை நான் ஒரு சுடுகாட்டிலும் கால் வைத்ததில்லை. எங்கள் பக்கம் பெண்கள் போகக் கூடாது. அப்பா இறந்தபோது தெருமுனை வரைதான் விட்டார்கள். பாடை திரும்பியதும் எங்களையும் வீட்டுப் பக்கம் திருப்பிவிட்டார்கள். சங்கும் சேகண்டியும் வாய்க்கால் பாலம் தாண்டிப் போகிற வரை காதில் விழுந்தது. அதற்குள் யாரோ வீட்டைக் கழுவிவிட ஆரம்பித்துவிட்டார்கள். தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டு உட்கார்ந்தேன். அவ்வளவுதான் எனக்கும் அப்பாவின் கடைசி இடத்துக்கும் உள்ள தொடர்பு. சரி, அந்நியர்கள் கல்லறையையாவது பார்ப்போமே என்று கிளம்பினேன்.

பதினேழு பேர் உட்காரும் வேன். வழிகாட்டித் தம்பிக்கு இருபத்தைந்து வயது இருக்கும், நல்ல குரல். வண்டி ஆக்கூர் தாண்டியதும் ஸ்பீக்கரில் நாய் ஊளையிடும் சத்தத்தைப் போட்டுவிட்டான். அடுத்து வந்தது திருக்கடையூர். மார்க்கண்டேயனுக்காகச் சிவன் எமனையே காலால் உதைத்தார் என்று சொல்லும் ஊர். அறுபதாம் கல்யாணத்துக்கும் எண்பதாம் கல்யாணத்துக்கும் நாடெங்கிலுமிருந்து வந்து மாலை மாற்றிக்கொள்கிறார்கள். பக்கத்திலேயே திருக்கடவூர் மயானம் என்று தேவாரப் பாடல் பெற்ற ஒரு கோயில். பெயரே மயானம்! சிவன் பிரமனை எரித்து மறுபடி உயிர் கொடுத்த இடம் என்பது தலபுராணம். ஒரு பேய்ச் சுற்றுலாவுக்கு இதைவிட என்ன வாயில் வேண்டும்? தம்பி ஒரு வார்த்தை சொல்லவில்லை. நாய் ஊளையிட்டுக்கொண்டே இருந்தது.

தரங்கம்பாடிக்குள் நுழையும்போது மணி ஒன்பது. தேவாலயங்கள் எல்லாம் பூட்டியிருந்தன. பூட்டாமல் என்ன செய்வார்கள்? சுற்றுச்சுவருக்கு வெளியே நின்று செல்போன் டார்ச்சில் கல்லறைகளைப் பார்த்தோம். தம்பி கதையை ஆரம்பித்தான். ஒரு டேனிஷ் கப்பல் தலைவனின் மனைவி, வெள்ளை கவுன், கையில் விளக்கு, கடலுக்குப் போன கணவன் திரும்பவில்லை, இன்றும் அமாவாசைக்கு அமாவாசை நடக்கிறாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இந்த அம்மாளைப் பார்க்காத ஊர் உண்டா? எந்த மலை பங்களாவுக்குப் போனாலும் இதே கவுனில் இதே விளக்கோடு நிற்கிறாள். டேனிஷ்காரிக்கு நம் அமாவாசைக் கணக்கு எப்படித் தெரிந்தது என்று கேட்க வாய் வரை வந்தது. அண்ணன் மகன் முறைத்ததால் விட்டுவிட்டேன்.

பத்து நாள் கழித்து, பகலில், நான் மட்டும் பஸ் ஏறி அதே இடத்துக்குப் போனேன். இந்தப் பதிவே அதனால்தான்.

அந்தச் சுவருக்கு உள்ளே, புது எருசலேம் தேவாலயத்துக்குள், சீகன்பால்கு அடக்கமாகியிருக்கிறார். டென்மார்க் அரசர் அனுப்பிய ஜெர்மானிய மதபோதகர். 1705 நவம்பரில் கப்பல் ஏறி 1706 ஜூலை 9-இல் இங்கே வந்து இறங்கினார். மறுநாள் அவருக்கு இருபத்து நான்கு வயது முடிந்தது. திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளோடு உட்கார்ந்து மணலில் விரலால் எழுதித் தமிழ் கற்றார். கோட்டைத் தலைவனோடு மோதி, 1708 கடைசியிலிருந்து நான்கு மாதம், இங்கே கடற்கரையில் டேனிஷ்காரர்கள் கட்டிய டேன்ஸ்பர்க் கோட்டையில் சிறையிருந்தார். அச்சுக்கூடம் வரவழைத்துத் தமிழில் புதிய ஏற்பாட்டை அச்சிட்டார். 1719-இல் இறந்தபோது வயது முப்பத்தாறு. அவர் கட்டிய அந்தக் கோயிலுக்கு அப்போது ஆறு மாதம்கூட ஆகவில்லை.

எனக்குப் பிடித்த சங்கதி வேறு. இந்த மனிதர் நம் தெய்வங்களை எல்லாம் வரிசைப்படுத்தி ஒரு பெரிய நூல் எழுதினார். ஊர்த் தெய்வங்கள், கூடவே நம் பேய்கள் வரைக்கும் அதில் உண்டு. 1713-இல் எழுதி ஜெர்மனிக்கு அனுப்பினால், புறச்சமயத்தை ஒழிக்கச் சொன்னால் நீ அதைப் பரப்புகிறாயா என்கிற தோரணையில் அங்கிருந்து பதில் வந்தது. கடைசியில் 1867-இல்தான் சென்னையில் அச்சேறியது. அவர் செத்து ஏறக்குறைய நூற்றைம்பது வருடம் கழித்து! நம்மூர்ப் பேய்களைக் கேட்டு எழுதிவைத்த ஆளே உள்ளே படுத்திருக்கிறார், நாங்கள் வெளியே நின்று கவுன் போட்ட பேயைத் தேடிக்கொண்டிருந்தோம்.

வெளியே இருக்கும் கல்லறைக் கற்களை எனக்குப் படிக்கத் தெரியாது. மொழி புரியாவிட்டாலும் எண் புரியும் அல்லவா? இறந்த வருடத்திலிருந்து பிறந்த வருடத்தைக் கழித்துக்கொண்டே போனேன். சில கற்களில் கழிக்க ஒன்றுமே இருக்கவில்லை. ஏழெட்டு மாதம் கப்பலில் வந்து, காய்ச்சலிலும் பேதியிலும் பிரசவத்திலும் போனவர்கள். 1620-இல் தஞ்சை இரகுநாத நாயக்கரிடம் இடம் வாங்கிய டேனிஷ்காரர்கள், 1845-இல் வங்காளத்துச் செராம்பூரையும் சேர்த்துப் பன்னிரண்டரை லட்ச ரூபாய்க்கு ஆங்கிலேயரிடம் விற்றுவிட்டுப் போய்விட்டார்கள். பிள்ளைகளைப் புதைத்த மண்ணும் அந்தக் கணக்கில்தானே போயிருக்கும். இதைச் சொல்லியிருந்தால் வேனில் வந்த பதினாறு பேரும் வாயை மூடிக்கொண்டு கேட்டிருப்பார்கள்.

மறுபடி அந்த ராத்திரிக்கு வருகிறேன். கல்லறை முடிந்து கடற்கரைக்குக் கூட்டிப்போனான். கோட்டைச் சுவருக்குப் பக்கத்தில் எங்களை வட்டமாக நிற்க வைத்து, குரலைத் தாழ்த்தி, "சுனாமியில போன குழந்தைங்க அழற சத்தம் ராத்திரி பன்னிரண்டு மணிக்கு அலைக்குள்ள இருந்து கேட்கும்" என்றான்.

சற்றுத் தள்ளி ஒரு அம்மாள் மீன் வறுவல் கடையைக் கட்டிக்கொண்டிருந்தார். எண்ணெய்ச் சட்டியைக் கீழே வைத்துவிட்டு வந்தார். கோபமே இல்லை குரலில். "தம்பி, அதுல ஒண்ணு எம் புள்ளையா இருக்கும். இத்தனை வருஷமா நான் இங்கதான் இருக்கேன், எனக்குக் கேக்கல. உனக்கு மட்டும் எப்படிப்பா கேக்குது?"

யாரும் பேசவில்லை. தம்பி "மன்னிச்சிடுங்கக்கா" என்றான். அதை மனதாரச் சொன்னான், அதையும் சொல்லிவிட வேண்டும். அந்த அம்மாள் தலையை ஆட்டிவிட்டுச் சட்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

2004 டிசம்பர் 26-இல் அன்றைய நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரம் பேருக்கு மேல் போனார்கள். குழி வெட்டி மொத்தமாகப் புதைத்தார்கள், முகம் பார்க்கக்கூட நேரமில்லாமல். ஒவ்வொரு வருடமும் அந்த நாளில் கடலில் பாலை ஊற்றிப் பூவைப் போட்டுவிட்டு வருகிறார்கள். அந்தக் கரையில் நின்றுகொண்டு எழுநூறு ரூபாய்க்குக் குழந்தை அழுகிற கதை.

அதற்கப்புறம் வேனில் யாரும் ஸ்பீக்கரைப் போடச் சொல்லவில்லை. பொறையாறு தாண்டிக் காரைக்கால் வந்தது. நான் ஜன்னலோரம் உட்கார்ந்து காத்திருந்தேன், இங்கேயாவது சொல்வானா என்று. ஊரே உறங்கிக்கொண்டிருந்தது, வேன் நிற்காமல் போனது. தன்னைத் தானே "காரைக்கால் பேய்" என்று பாட்டில் சொல்லிக்கொண்டவள் பிறந்த ஊர் ஐயா இது! புனிதவதியாகப் பிறந்து, மாம்பழத்தால் வாழ்க்கை திரும்பி, கணவன் பயந்து விலகிப் போனதும் இந்த அழகு எனக்கெதற்கு என்று பேயுருவைக் கேட்டு வாங்கியவள். வற்றிய உடம்பும் குழிந்த வயிறுமாகச் சுடுகாட்டை அவள் பாடியதுபோல ஆணும் பாடவில்லை, பெண்ணும் பாடவில்லை. எங்களைத் தெருமுனையில் நிறுத்திய இதே மண்ணில், ஒருத்தி சுடுகாட்டையே வீடாக்கிக்கொண்டாள். அவளைச் சிவனே "அம்மையே" என்று கூப்பிட்டதாகச் சொல்கிறோம். ஆனி மாதம் மாங்கனி இறைத்துத் திருவிழா எடுக்கிறோம். நம்மூர்ப் பேய்க்கு நாம் செய்கிற மரியாதை இது. கையில் விளக்கெல்லாம் அவளுக்குத் தேவைப்படவில்லை.

நாகப்பட்டினத்துக் கதை சின்னதுதான். டச்சுக்காரர்கள் 1658-இல் போர்ச்சுக்கீசியரிடமிருந்து பிடித்து, 1690-இலிருந்து சோழமண்டலக் கரை முழுவதற்கும் தலைநகராக வைத்திருந்து, 1781-இல் ஆங்கிலேயரிடம் இழந்த ஊர். அவர்கள் கல்லறைத் தோட்டமும் பூட்டியிருந்தது. தம்பி செல்போனில் இரண்டு எலும்புக்கூட்டுச் சிற்பங்களைக் காட்டி, உள்ளே இது இருக்கிறது என்றான். அது பழவேற்காட்டு டச்சுக் கல்லறையின் நுழைவாயில். நான் நேரிலேயே பார்த்திருக்கிறேன், அங்கேயும் வாசலோடு திரும்பியவள்தான். நீயும் ஒரு நாள் சாவாய் என்று நினைவூட்ட அந்தக் காலத்து ஐரோப்பியர்கள் செதுக்கி வைத்தது, பயமுறுத்துவதற்கு அல்ல. புல்லுக்குள் ஏதோ சரசரத்தது. பதினாறு பேரும் வேனுக்குள் பாய்ந்தோம். பேய்க்காக இல்லை. டெல்டாக்காரனுக்கு விரியன் தெரியும்.

இப்போது என் கட்சியைச் சொல்கிறேன். இந்தச் சுற்றுலாவைத் தடை செய் என்று நான் சொல்லவில்லை. எழுநூறு ரூபாய் என்பதிலும் எனக்குக் குறை இல்லை. இந்தப் பிள்ளைகளை "பாரம்பரிய நடை" என்று கூப்பிட்டிருந்தால் ஒருத்தனும் வந்திருக்க மாட்டான். பேய் என்றதால் வந்தார்கள். நானும் அப்படித்தான் போனேன். சாயங்காலம் ஐந்து மணிக்குப் போய், முறையாகக் கேட்டுத் திறக்கச் சொல்லி, ஒரே ஒரு கல்லின் உண்மையான கதையைச் சொல்லியிருந்தால் இருட்டே தேவைப்பட்டிருக்காது. புளுகு தப்பு என்றுகூடச் சொல்ல மாட்டேன், பேய்க்கதையில் புளுகு இல்லாமல் எப்படி? ஆனால் செத்தவருக்கு அழ ஆள் இருக்கும் இடத்தில் அந்தப் புளுகு கூடாது.

இன்னொன்றும் உறுத்துகிறது. ஏன் வெள்ளைக்காரன் கல்லறை? கேட்க அவனுக்கு இங்கே உறவுக்காரன் இல்லை, அதனால்தான். நம் கிராமத்துச் சுடுகாட்டுக்கு யாராவது வேன் விடுவார்களா? விட்டால் எந்தச் சுடுகாட்டுக்கு? ஊருக்கு இரண்டு இருக்கிறதே. ஒன்றுக்குத் தார்ச்சாலையும் கொட்டகையும். இன்னொன்றுக்கு வாய்க்காலில் இறங்கி, ஐப்பசி மழையில் இடுப்பளவு தண்ணீரில் பாடையைத் தலைக்கு மேல் தூக்கிப் போக வேண்டும். அந்தப் பாதையில் பேய் இல்லாமலே நெஞ்சு அடைக்கும்.

பகலில் போய் வந்த கணக்கையும் எழுதிவிடுகிறேன், யாராவது கேட்பீர்கள். போகும்போது மகளிருக்குக் கட்டணமில்லாத நகரப் பேருந்து, வரும்போது டிக்கெட் எடுத்தேன். டீ, வடை, கடைசியில் அந்த அம்மாள் கடையில் மீன் வறுவல். எல்லாம் சேர்த்து இருநூறு ரூபாய் ஆகவில்லை. என்னை அவருக்கு அடையாளம் தெரியவில்லை, நானும் சொல்லிக்கொள்ளவில்லை.

அன்று ராத்திரி அண்ணனுக்குப் போன் போட்டேன். அப்பாவை எரித்த இடத்தை எனக்குக் காட்டு என்றேன். கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. "அங்க என்ன இருக்கு? கருவேலங்காடும் ஒரு தகரக் கொட்டகையும்தான். இருபது வருஷத்துல அதுல எத்தனை பேரை வச்சாச்சு, எந்த இடம்னு எனக்கே சரியாத் தெரியாது" என்றான். தோராயமாகக் காட்டினால் போதும் என்றேன். அப்பா திதி அடுத்த மாதம் வருகிறது. அண்ணன் வந்தாலும் வராவிட்டாலும் அண்ணன் மகன் பைக்கில் கூட்டிப்போவதாகச் சொல்லியிருக்கிறான்.