ஒன்பதில் இறங்கி இரண்டு மாடி கீழே

தோ பாயோவில் என் பாட்டியின் வீடு ஏழாம் மாடியில் இருந்தது. மின்தூக்கியில் ஏழுக்குப் பொத்தானே கிடையாது. ஒன்று, ஐந்து, ஒன்பது, அவ்வளவுதான். செலவை மிச்சப்படுத்த அந்தக் காலத்தில் அப்படித்தான் கட்டினார்கள். சந்தையிலிருந்து திரும்பும் பாட்டி ஒன்பதில் இறங்கி இரண்டு மாடி கீழே நடந்து வருவார். வெளியே கிளம்பும்போது ஐந்துக்கு நடந்து இறங்கி மின்தூக்கியைப் பிடிப்பார். படி ஏறுவது அவர் கணக்கிலேயே கிடையாது. சிங்கப்பூரில் முழங்கால் வலியோடு வாழ்ந்த அந்தத் தலைமுறைக்கு இந்தக் கணக்கு மனப்பாடம்.

போன வாரம் நண்பர் ஒருவர், புதிதாக வரப்போகும் நாற்பது மாடிக் குடியிருப்பு ஒன்றின் மாதிரிப் படங்களைப் பகிர்ந்து, "இதுவல்லவா வளர்ச்சி!" என்று எழுதியிருந்தார். அங்கேயே பதில் எழுதினால் சண்டையாகிவிடும். அதனால் என் சுவரில் எழுதுகிறேன்.

உயரத்தோடு எனக்குப் பகை இல்லை. 1960 பிப்ரவரியில் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் தொடங்கியபோது இங்கே பெரும்பாலோர் எப்படி வாழ்ந்தார்கள் என்பதை வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டால் தெரியும். 1961 மே 25 அன்று புக்கிட் ஹோ சுவீயில் பிடித்த தீ ஒரே நாளில் சுமார் 16,000 பேரை வீடற்றவர்களாக்கியது. அத்தாப்புக் கூரையும் பலகைச் சுவருமாக நெருக்கியடித்துக்கொண்டிருந்த கம்பத்தில், அதாவது அந்தக் காலத்துக் கிராமக் குடியிருப்பில், தீ எப்படி ஓடியிருக்கும் என்று சொல்லவா வேண்டும்? அதே இடத்தில்தான் பிறகு அடுக்குமாடிகள் எழுந்தன. கம்பத்து வாழ்க்கையை நினைத்து உருகுகிறவர்களைக் கண்டால் எனக்குக் கொஞ்சம் எரிச்சல்தான். வாளிக் கழிப்பறையை யாரும் அந்த உருக்கத்தில் சேர்த்துக்கொள்வதில்லை.

தோ பாயோ என்ற பெயருக்கே பெரிய சதுப்பு என்றுதான் பொருள். கழகம் முழுக்க முழுக்கத் தானே திட்டமிட்டுக் கட்டிய முதல் நகரம் அது. 1972இல் எலிசபெத் அரசியார் வந்தபோது, 53ஆம் புளோக்கின் உச்சிக்கு அழைத்துப்போய் ஊரைக் காட்டினார்கள். பெருமைப்பட வேண்டிய காட்சிதான், மறுக்கவில்லை.

ஆனால் அந்த உச்சியிலிருந்து தெரியாத ஒன்று கீழே மாடிக்கு மாடி நடந்துகொண்டிருந்தது. பாட்டி ஒன்பதில் இறங்கினால் ஒன்பதாம் மாடித் தாழ்வாரத்தில் பாதி தூரம் நடந்துதான் படிக்கட்டுக்குப் போக வேண்டும். வாசல்கள் திறந்திருக்கும், இரும்புக் கதவு மட்டும் சாத்தியிருக்கும். உள்ளே தொலைக்காட்சியில் என்ன ஓடுகிறது, எந்த வீட்டில் சம்பல் வதங்குகிறது, யார் பிள்ளை பரீட்சைக்குப் படிக்காமல் அடி வாங்குகிறது, எல்லாம் நடந்துபோகிற வேகத்திலேயே தெரிந்துவிடும். எட்டாம் மாடியில் படிக்கட்டை ஒட்டிய வீட்டில் ஒரு சீன மூதாட்டி இருந்தார். வாசலில் சிவப்புப் பிளாஸ்டிக் நாற்காலி ஒன்று போட்டிருப்பார். அதன் ஒரு கால் சற்றுக் குட்டை, மடித்த அட்டையை அண்டக் கொடுத்திருப்பார். பாட்டி பையை இறக்கி வைத்துவிட்டு அதில் உட்கார்வார். அவருக்குத் தமிழ் தெரியாது, இவருக்கு ஹொக்கியன் தெரியாது. இருவருக்கும் பொதுவாக, சந்தையில் பேசும் பசார் மலாய் ஒரு கைப்பிடி இருந்தது. "சுடா மாக்கான்?" (சாப்பிட்டாயா?) என்று தொடங்குவார்கள். சாப்பாட்டில் தொடங்கிய பேச்சு மருமகளில் போய் முடியும். கீரை வாடும்வரை பேச அந்த மலாயே போதுமானதாக இருந்தது.

ஒரு புளோக்கில் ஒவ்வோர் இனத்தவரும் இத்தனை விழுக்காடுதான் இருக்கலாம் என்று வரம்பு வைக்கும் இன ஒருங்கிணைப்புக் கொள்கை 1989இல் வந்தது. இன்றைய கணக்குப்படி ஒரு புளோக்கில் இந்தியரும் மற்றவரும் சேர்ந்து 15 விழுக்காட்டைத் தாண்டக்கூடாது. இதனால் வீட்டை விற்கத் தடுமாறுகிறவர்களில் நம்மவர்கள் நிறைய. ஒதுக்கீடு நிரம்பிவிட்டால், வாங்க வருகிறவர் இன்ன இனமாக இருந்தால்தான் ஆகும் என்றாகிறது, விலையும் இறங்குகிறது. 2022இல் அப்படிச் சிக்கிக்கொண்ட சிலரின் வீட்டைக் கழகமே வாங்கிக்கொள்ளவும் வழி செய்தார்கள். கொள்கை வேண்டுமா வேண்டாமா என்பது வேறு விவாதம். வேண்டும் என்கிற கட்சிதான் நான், சிராய்ப்புகளோடு. ஆனால் விழுக்காட்டுக் கணக்கு ஒருவரைக் கொண்டுவந்து பக்கத்து வீட்டில் குடிவைக்கும், அதோடு அதன் வேலை முடிந்தது. "சாப்பிட்டாயா?" என்று கேட்க வைத்தது தாழ்வாரமும், வேண்டிய மாடியில் நிற்காத அந்த மின்தூக்கியும்தான். கட்டியவர்கள் சத்தியமாக அதைத் திட்டமிடவில்லை.

நான் இப்போது இருப்பது முப்பத்தோராம் மாடியில். மூன்று மின்தூக்கிகள், காது அடைக்கும் வேகம். தளத்தில் ஆறு வீடுகள். மின்தூக்கியிலிருந்து என் கதவுக்கு ஒன்பது காலடி நடக்க வேண்டும், எண்ணியிருக்கிறேன். எதிர்வீட்டுக்காரரை மூன்று ஆண்டுகளில் நாலைந்து முறை பார்த்திருப்பேன். அவர்கள் வீட்டுப் பிள்ளை வளர்வதைச் செருப்பு அடுக்கில்தான் பார்க்கிறேன். டைனோசர் போட்ட ரப்பர் செருப்பு போய், பள்ளிக்கூட வெள்ளைக் காலணி வந்து, அதுவும் இரண்டு அளவு பெரிதாகிவிட்டது. பெயர் தெரியாது.

கழகத்தை மட்டும் குறை சொல்லிவிட்டு நான் தப்பித்துக்கொள்ளப் போவதில்லை. நீளத் தாழ்வாரத்து வீடு வேண்டாம், யாரும் சன்னல் வழியாக எட்டிப் பார்க்காத மூலைவீடு வேண்டும் என்று தேடித் தேடி எடுத்தது நான்தான். நம்மில் யார் அப்படித் தேடவில்லை? நாம் கேட்டதை அவர்கள் வரைந்து கொடுக்கிறார்கள்.

இதை ஈடுகட்டத்தான் உயர மாடிகளில் வான்தோட்டங்கள் என்பார்கள். தஞ்சோங் பகாரில் பழைய புளோக்குகள் இரண்டு இருந்த இடத்தில் 2009இல் ஐம்பது மாடியில் ஏழு புளோக்குகள் எழுந்தன, 1,848 வீடுகள். 26ஆம், 50ஆம் மாடிகளில் ஏழு புளோக்குகளையும் இணைத்துப் பாலம் போட்டிருக்கிறார்கள். அழகுதான், நானும் டிக்கெட் வாங்கி ஏறிப் பார்த்தவன். ஆனால் தோட்டத்துக்கு நாம் போக வேண்டும், கிளம்பவேண்டும், நேரம் ஒதுக்க வேண்டும். பாட்டி எட்டாம் மாடிக்குப் 'போகவில்லை'. வீட்டுக்கு வந்துகொண்டிருந்தார், வழியில் எட்டாம் மாடி இருந்தது. புளோக்கின் அடியில் வீடுகள் இல்லாமல் திறந்துவிட்டிருக்கும் வெற்றுத்தளமும் அப்படித்தான். மலாய்க் கல்யாணமும் சீனர் வீட்டுச் சாவும் அடுத்தடுத்த வாரங்களில் அதே தூண்களுக்கு நடுவே நடக்கும், நாம் அதைக் கடந்துதான் வேலைக்குப் போவோம்.

எனவே நண்பரே, நாற்பது மாடி கட்டட்டும், அறுபதும் கட்டட்டும். மின்தூக்கி வாசலை இன்னும் இரண்டு மீட்டர் அகலமாக்கி ஒரு பெஞ்சு போடுங்கள் என்பதுதான் என் வேண்டுகோள். தீப்பாதுகாப்புக்கு 1.2 மீட்டர் வழி விட வேண்டும் என்கிறார்களே, அதை விட்ட பிறகும் உட்கார இடம் இருக்கும்படி வரையுங்கள். மாதிரிப் படத்தில் மரம், சைக்கிள், பலூன் பிடித்த குழந்தை எல்லாம் இருக்கின்றன. உட்கார்ந்திருக்கும் கிழவி ஒருத்தியைக்கூட நான் அதில் பார்க்கவில்லை.

2001இல், எல்லா மாடியிலும் மின்தூக்கி நிற்கும்படி மாற்றும் மின்தூக்கி மேம்பாட்டுத் திட்டம் வந்து, சில ஆண்டுகளில் பாட்டியின் புளோக்கிலும் வாக்கெடுப்பு நடந்தது. 75 விழுக்காட்டினர் சம்மதிக்க வேண்டும். பாட்டி முதல் ஆளாகப் போய்ச் சம்மதம் சொல்லிவிட்டு வந்தார், எட்டாம் மாடி மூதாட்டியும்தான். அடுத்த தீபாவளிக்கு முன்பே ஏழாம் மாடியில் கதவு திறந்தது. அதற்கப்புறமும் பல மாதங்கள் பாட்டி சந்தைப் பையோடு படியில்தான் இறங்கி வந்துகொண்டிருந்தார். ஏன் என்று கேட்டால், "பழக்கதோஷம், விரல் தானாக ஒன்பதை அழுத்திவிடுகிறது" என்பார்.