பதினான்கு கற்களும் ஒரு துண்டுச் சீட்டும்

எனக்கு இரண்டு மகள்கள். என் அம்மா விட்டுச் சென்றதோ ஒரே ஒரு ஜோடி ஏழுகல் வைரத் தோடு. அதை மூத்தவளுக்குக் கொடுப்பது என்றும், இளையவளுக்கு அதே எடையில், அதே தரத்தில் புதிதாக ஒரு ஜோடி வாங்குவது என்றும் நானும் கணவரும் முடிவு செய்தோம். இருவருக்கும் நடுவே ஒரு சென்ட் (கேரட்டில் நூறில் ஒரு பங்கு) கூட வித்தியாசம் இருக்கக் கூடாது என்ற பிடிவாதம்தான் சென்ற ஆண்டு என்னை வைரக் கடைகளுக்குள் அழைத்துச் சென்றது. அங்கே கண்டவற்றை வைத்து ஒரு கருத்தை இங்கே அழுத்தமாகச் சொல்ல விரும்புகிறேன். எவ்வளவு பெரிய கடையாக இருந்தாலும், வைர நகை வாங்குகிறவர் முதலில் கல்லை உதிரியாகப் பார்த்து, கண் எதிரே எடை போட்டு, அதன் பிறகே நகையாகக் கட்டச் சொல்ல வேண்டும். அதற்கு இடம் கொடுக்காத கடையில் வாங்க வேண்டியதில்லை.

முதலில் போனது சென்னையில் மிகுந்த பெயருள்ள ஒரு கடை. பெயரைக் குறிப்பிட விரும்பவில்லை. தனி அறையில் உட்கார வைத்து, பாதாம் பால் கொடுத்து, கறுப்பு வெல்வெட் தட்டில் தோடுகளைப் பரப்பினார்கள். மேலிருந்து பாய்ந்த விளக்கொளியில் எல்லாமே ஜொலித்தன. எனக்குப் பிடித்த ஜோடிக்கு மதிப்பீட்டுச் சீட்டு கேட்டேன். மொத்த எடை 9.120 கிராம், வைரம் 1.60 கேரட், தரம் இஎஃப் விவிஎஸ் (நிறத்துக்கும் தெளிவுக்குமான குறியீடுகள்), அதன் கீழே ஒரு பெரிய தொகை. தங்கத்தின் விலையை 9.120 கிராமுக்கும் பெருக்கியிருந்தார்கள். ஒரு கேரட் என்பது 200 மில்லிகிராம். ஆகவே 1.60 கேரட் வைரத்தின் எடை 0.320 கிராம். தங்கம் 8.800 கிராம்தான். அதாவது வைரத்துக்கு வைரத்தின் விலையைக் கொடுத்துவிட்டு, அதே வைரத்துக்குத் தங்கத்தின் விலையையும் நான் மறுபடி கொடுக்க வேண்டும்.

ஒரு தோட்டில் இது சிறிய தொகைதான். ஆனால் 15 கேரட் கற்கள் பதித்த ஒரு நெக்லஸில் அது 3 கிராம் தங்கத்தின் விலை. நான் சுட்டிக்காட்டியதும் மேற்பார்வையாளர் வந்து வருத்தம் தெரிவித்துச் சீட்டைத் திருத்திக் கொடுத்தார். ஆனால் கற்களை உதிரியாகக் காட்ட முடியுமா, ஒரு கேரட்டுக்கு என்ன விலை போட்டிருக்கிறீர்கள், இந்தத் தரத்தை மதிப்பிட்டது யார் என்ற மூன்று கேள்விகளுக்கும் அங்கே பதில் கிடைக்கவில்லை. கடையின் பெயரே உத்தரவாதம் என்றார்கள். நன்றி சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டோம்.

தங்கம் வாங்கும்போது இன்றைய கிராம் விலை என்ன, சேதாரம் எத்தனை சதவீதம், செய்கூலி உண்டா என்று மூன்று கடை ஏறி இறங்கிக் கேட்கிறவர்கள் நாம். அதே நாம் வைரப் பிரிவுக்குள் நுழைந்ததும் குரலைத் தாழ்த்திக்கொள்கிறோம். கேள்வி கேட்டால் நம்மை வசதியில்லாதவர்கள் என்று நினைத்துவிடுவார்களோ என்ற கூச்சம் வந்துவிடுகிறது. அந்தக் கூச்சத்துக்கு நாம் கொடுக்கும் விலை பெரியது என்பதை வங்கி வேலையில் பல முறை பார்த்திருக்கிறேன். நகைக்கடன் பிரிவில் நெடுங்காலம் இருந்தவள் நான். அவசரச் செலவுக்காக வைர அட்டிகையைக் கொண்டுவந்து வைப்பார்கள். மதிப்பீட்டாளர் கற்களின் எடையைக் கழித்துவிட்டு, மீதமுள்ள தங்கத்துக்கு மட்டும் கடன் தொகையைச் சொல்வார். லட்சக்கணக்கில் கொடுத்து வாங்கிய வைரத்துக்கு எங்கள் கவுண்டரில் மதிப்பு பூஜ்யம். அதைக் கேட்டதும் எதிரே நிற்கும் பெண்ணின் முகம் சுருங்குவதைப் பார்ப்பது ஒருபோதும் எளிதாக இருந்ததில்லை. பலர் தங்களிடம் இருக்கும் கற்களின் எடையே தெரியாமல்தான் வந்திருப்பார்கள்.

இன்னொரு தவறான நம்பிக்கையையும் சொல்ல வேண்டும். ஹால்மார்க் முத்திரை இருக்கிறதே, பிறகென்ன பயம் என்று பலர் நினைக்கிறார்கள். 2023 ஏப்ரல் 1 முதல் எழுத்தும் எண்ணும் கலந்த ஆறு இலக்க எச்யூஐடி அடையாள எண் இல்லாமல் ஹால்மார்க் நகை விற்கக் கூடாது என்பதும், அந்த எண்ணை இந்தியத் தர நிர்ணய அமைப்பின் பிஐஎஸ் கேர் செயலியில் நாமே சரிபார்க்கலாம் என்பதும் நல்ல ஏற்பாடுகள். ஆனால் அந்த முத்திரை தங்கத்தின் தூய்மைக்கு மட்டுமே. 750 என்று பொறித்திருந்தால் அது 18 கேரட் தூய்மையுள்ள தங்கம் என்று அர்த்தம். அதில் பதித்திருக்கும் கல்லைப் பற்றி அந்த முத்திரை எதுவும் சொல்வதில்லை.

கல்லைப் பற்றிப் பேசுவது வேறொரு சான்றிதழ். அமெரிக்காவின் ஜிஐஏ என்ற ரத்தினவியல் நிறுவனம் 1950-களில் வகுத்துக் கொடுத்த அளவுகோலைத்தான் இன்று உலகம் முழுவதும் பின்பற்றுகிறார்கள். நிறத்துக்கு, நிறமே இல்லாத டி-யில் தொடங்கி இசட் வரை எழுத்துகள், தெளிவுக்குத் தனிப் படிகள். விவிஎஸ் என்றால், பத்து மடங்கு பெரிதாக்கிக் காட்டும் லென்ஸில் தேர்ந்த கண்ணுக்கே மிகச் சிரமப்பட்டுத்தான் குறை தெரியும் என்று பொருள். ஆகவே கடையில் நம் கையில் லென்ஸைக் கொடுத்து நீங்களே பாருங்கள் என்று சொல்வது மரியாதையே தவிரச் சோதனை ஆகாது. கடைக்குச் சம்பந்தமில்லாத ஆய்வகத்தின் தாள் வேண்டும். அதுவும் கல் உதிரியாக இருக்கும்போது எடுத்ததாக இருந்தால் நல்லது, ஏனென்றால் தங்கத்தில் பதித்த பிறகு கல்லின் நிறத்தையும் தெளிவையும் துல்லியமாகச் சொல்ல ஆய்வகத்தாலும் முடியாது. சிலப்பதிகாரத்தில் மதுரையின் மணிக்கடைத் தெருவைக் காட்டும் இடத்தில் காகபாதம், களங்கம், விந்து, ஏகை என்று வைரத்தின் குற்றங்களை இளங்கோவடிகள் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறார். கல்லின் குறையைப் பெயர் சொல்லிக் கேட்பது நமக்குப் புதிய பழக்கம் அல்ல.

நம் பக்கத்துக் குடும்பங்களில் வைரம் என்றாலே அடுத்து வரும் சொல் புளூ ஜாகர். பாட்டியின் தோடு புளூ ஜாகர், அத்தையின் பேசரி புளூ ஜாகர் என்று பெருமையாகச் சொல்வோம். தென்னாப்பிரிக்காவின் யாகர்ஸ்ஃபான்டெய்ன் சுரங்கத்தின் பெயர்தான் நம் வாயில் ஜாகர் ஆயிற்று. 1893-இல் 995 கேரட் எடையுள்ள எக்ஸெல்சியர் வைரம் கிடைத்ததும் அங்கேதான். அந்தச் சுரங்கத்தின் நல்ல கற்கள் நிறமற்றவையாகவும், பகல் வெளிச்சத்தில் இலேசான நீலம் காட்டுபவையாகவும் இருந்ததால் அந்தப் பெயர் நின்றுவிட்டது. சூரிய ஒளியில் உள்ள புற ஊதாக் கதிர் பட்டுச் சில வைரங்கள் நீலமாக ஒளிர்வதுதான் காரணம். சுரங்கத்தை 1971-இலேயே மூடிவிட்டார்கள். ஆகவே இன்று புதிதாக வந்த புளூ ஜாகர் என்று ஒரு கடைக்காரர் சொன்னால், பெரும்பாலும் அது நீலமாக ஒளிரும் வேறொரு சுரங்கத்துக் கல் என்றே கொள்ள வேண்டும்.

அந்தக் கல்லில் தவறு ஒன்றும் இல்லை. எனக்கும் அந்த நீலம் மிகவும் பிடிக்கும். ஆனால் உலகச் சந்தையில் டி, இ, எஃப் நிறக் கற்களில் வலுவான நீல ஒளிர்வு இருந்தால் விலையைக் குறைத்துத்தான் போடுகிறார்கள். அதே கல்லுக்கு நம் ஊரில் புளூ ஜாகர் என்ற பெயரைச் சூட்டிக் கூடுதல் விலை கேட்கிறார்கள். பெயருக்காக நாம் கொடுக்கும் அந்தக் கூடுதல் பணம் நாளை திருப்பி விற்கும்போது நம் கைக்கு வராது. சான்றிதழில் ஒளிர்வு எவ்வளவு என்ற ஒரு வரி இருக்கும், அதைப் படித்துப் பார்த்துவிட்டு விலை பேசுங்கள்.

எடையிலும் ஒரு நுட்பம் உண்டு. பதினான்கு கற்கள் சேர்ந்து 1.60 கேரட் என்றால், ஒவ்வொரு கல்லும் சுமார் 11 சென்ட். 1.60 கேரட் எடையுள்ள ஒற்றைக் கல்லின் விலைக்கும் இதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். கல் பெரிதாகப் பெரிதாக ஒரு கேரட்டுக்கான விலையே ஏறிக்கொண்டு போகும். அதனால் மொத்தக் கேரட்டை மட்டும் எழுதும் ரசீது போதாது. எத்தனை கற்கள், ஒவ்வொன்றும் எத்தனை சென்ட், அந்த அளவுக் கல்லுக்குக் கேரட் விலை என்ன என்பவையும் அதில் இருக்க வேண்டும்.

ஆய்வகத்தில் வளர்த்த வைரம் பரவலாக விற்பனைக்கு வந்த பிறகு, ரசீதில் இயற்கை வைரம் என்ற சொற்களும் கட்டாயம் இடம்பெற வேண்டும். வளர்த்த வைரமும் வைரமே. கண்ணாலோ லென்ஸாலோ கடைகளில் வைத்திருக்கும் சாதாரண வெப்பச் சோதனைக் கருவியாலோ அதைப் பிரித்தறிய முடியாது, தனிக் கருவிகள் வேண்டும். சென்னை ஐஐடியிலேயே வளர்த்த வைரத்துக்கென ஓர் ஆராய்ச்சி மையத்தை ஒன்றிய அரசின் நிதியில் அமைத்திருக்கிறார்கள். தினசரி அணிந்துகொள்ள விரும்பும் இளம்பெண்கள் அதை அதற்குரிய குறைந்த விலையில் வாங்குவதை நான் மனதார ஆதரிக்கிறேன். அதை இயற்கைக் கல் என்று சொல்லி விற்பதையும், இயற்கைக் கற்களோடு கலந்து விற்பதையும் மட்டும் மன்னிக்க முடியாது.

கடைசியில் நாங்கள் வாங்கியது மயிலாப்பூரில் மூன்றாம் தலைமுறையாக வைரத் தொழில் செய்யும் ஒரு குடும்பத்திடம். அந்த வியாபாரி மடித்த காகிதப் பொட்டலத்தைப் பிரித்து, பதினான்கு கற்களையும் வெள்ளைத் தாளில் இடுக்கியால் வரிசைப்படுத்தினார். பிறகு தாளோடு தூக்கிக்கொண்டு ஜன்னல் ஓரம் வரச் சொன்னார். கடை விளக்கில் நெருப்பாக மின்னிய கற்கள், காலை பத்து மணி வெளிச்சத்தில் அடங்கி, தண்ணீர்த் துளி போலத் தெரிந்தன. அப்போதுதான் ஒரு கல் மற்றவற்றைவிடச் சற்று மங்கலாக இருப்பது என் கண்ணில் பட்டது. தாளைத் திருப்பி வைத்துப் பார்த்தாலும் அதே கல்தான். அவரும் பார்த்தார், வெட்டு கொஞ்சம் ஆழம் என்று ஒப்புக்கொண்டு மாற்றிக் கொடுத்தார். வைரத்துக்கு ஒளியைக் கொடுப்பது வெட்டுதான். நிறத்தையும் தெளிவையும் பற்றி மணிக்கணக்கில் பேசுகிற கடைகள், வெட்டைப் பற்றி வாய் திறப்பதே இல்லை.

கற்களை மூன்று நாள் வீட்டில் வைத்துக்கொள்ளவும் கொடுத்தார். வைரம் ஒத்துக்கொள்கிறதா என்று பார்க்கும் வழக்கம் நம்மிடம் உண்டு. தோஷத்தில் எனக்கு நம்பிக்கை இல்லை. ஆனால் அந்த மூன்று நாள் வழக்கத்தைக் கையெடுத்துக் கும்பிடுவேன். காலை, மாலை, விளக்கு வைத்த பிறகு என எல்லா வெளிச்சத்திலும் கல்லைப் பார்க்கவும், மயக்கம் தெளிந்து விலையை யோசிக்கவும் அது அவகாசம் தருகிறது. திருப்பிக் கொடுத்தால் எத்தனை சதவீதம் பணம், மாற்றிக்கொண்டால் எத்தனை சதவீதம் என்பதை ரசீதிலேயே எழுதிக் கையெழுத்திட்டார். வாய்வார்த்தையாகச் சொன்ன நூறு சதவீதத்தை நம்பி ஏமாந்தவர்களை நான் அறிவேன். அதற்கு, எழுதிக் கொடுத்த எண்பதே மேல்.

அம்மாவின் தோட்டை அதே நாளில் அவரிடம் கொடுத்தோம். பழைய குளோஸ்டு செட்டிங், அடியில் தகடு மூடியிருக்கும். ஐம்பது ஆண்டு எண்ணெய் உள்ளே இறங்கி ஒளி மங்கியிருந்தது. மூத்தவள் அடி திறந்த ஓபன் செட்டிங்கில் கட்டித் தரச் சொன்னாள். தோடு இருந்த தகர டப்பாவில் அப்பாவின் கையெழுத்தில் ஒரு துண்டுச் சீட்டு: "1974 தை. 14 கல். 1 கேரட் 62 சென்ட்." கும்பகோணத்தில் எங்கள் வீட்டு முற்றத்தில் வைர வியாபாரி தராசை வைத்து நிறுத்துக் காட்டியதும், அப்பா குனிந்து அதைக் குறித்துக்கொண்டதும், பன்னிரண்டு வயதில் பக்கத்தில் நின்று பார்த்த எனக்கு இன்றும் நினைவிருக்கிறது. கல் பதிப்பவர் ஒவ்வொரு கல்லாகக் கழற்றி, வெந்நீரில் கழுவி, துடைத்து, மின்தராசின் சிறு கிண்ணத்தில் இட்டார். பதினான்காவது கல் விழுந்ததும் எண் அசைந்து நின்றது: 1.62.

இளையவளின் கற்களையும் அதே கிண்ணத்தில் இடச் சொன்னேன். மங்கலான கல்லை மாற்றியதில் எடை கொஞ்சம் கூடியிருந்தது: 1.63. ஒரு சென்ட் அதிகம். அக்காவும் தங்கையும் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரித்தார்கள், இருக்கட்டும் அம்மா என்று மூத்தவள் சொன்னாள். அப்பாவின் சீட்டை மூத்தவளின் டப்பாவில் வைத்துவிட்டு, இளையவளுக்குத் தேதியும் கல் எண்ணிக்கையும் எடையும் என் கையால் எழுதிக் கொடுத்தேன்.