என் கடைய எனக்கே குடுங்கன்னு கேட்டா குத்தமா?

வயிறு எரியுது, அதான் எழுதுறேன். மலேசியாவுல, சுங்கை சிப்புட்ல எங்கப்பா பேருல ஒரு கடை லாட் இருக்கு. காலம் பூரா தோட்டத்துல செம்பனை வெட்டின மனுசன், ஈபிஎஃப் சேமநிதிக் காசு வந்ததும் அப்படியே அதுல போட்டு வாங்கினாரு. இப்ப அது எங்களுக்கு வேணும். என் வீட்டுக்காரம்மா மசாலாத்தூள் அரைச்சு விக்கிறா, ஆர்டர் ஏறிக்கிட்டே போகுது, தாமான் (குடியிருப்பு) வீட்டு போர்ச்ல மெஷின் போட்டா பக்கத்து வீட்டுக்காரங்க சண்டைக்கு வராங்க. அவங்களயும் தப்பு சொல்ல முடியாது, மொளகா நெடி அப்படி.

கடையில வாடகைக்கு இருக்கிற அண்ணனோட அக்ரிமெண்ட் எப்பவோ முடிஞ்சிருச்சு, மாச வாடகையாத்தான் ஓடுது. மொதல்ல நேருல போயி மரியாதையா சொன்னோம், அப்புறம் லாயர் நோட்டீஸ், அதுலயும் சாமான் எடுக்க தாராளமா டைம் குடுத்தோம். அதுக்கு அவரு சொல்றாரு, "ரெண்ட் கண்ட்ரோல் இருக்கு தம்பி, சொந்த உபயோகத்துக்குன்னா நீ அத கோர்ட்ல நிரூபிக்கணும், அதுவரைக்கும் என்னைய அசைக்க முடியாது." எங்க படிச்சாருன்னு பாத்தா யூடியூப்ல தமிழ்நாட்டு வக்கீல் பேசுன வீடியோ!

அண்ணே, அது அந்த ஊரு சட்டம். அங்க 1960 வாடகைச் சட்டத்துல கடைய சொந்தத் தொழிலுக்குக் கேட்டா உண்மையான தேவைதானா, அதே ஊர்ல கடை ஓனர் வேற சொந்தக் கடையில இருக்காரான்னு எல்லாம் பாப்பாங்க. அதுவே போயி இப்ப 2017 சட்டம், 2019 பிப்ரவரில இருந்து நடப்புல இருக்கு. நம்ம நாட்டுல இருந்தது 1966 வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம், அதுவும் 1948-க்கு முன்னாடி கட்டின பழைய கட்டடங்களுக்கு மட்டும். 1997ல அத ரத்து பண்ண சட்டம் போட்டாங்க, 2000 பொறக்கும்போது மொத்தமா முடிஞ்சு போச்சு. பினாங்கு ஜார்ஜ்டவுன் பழைய கடைவீடுகள்ல இருந்த குடும்பங்க அப்ப பட்ட பாடு எனக்கும் தெரியும், அது வேற கதை. எங்க லாட் எண்பதுகள்ல கட்டினது, அந்தச் சட்டம் உயிரோட இருந்தப்பகூட எங்கள தொட்டிருக்காது. அக்ரிமெண்ட் முடிஞ்ச கடையில மாச வாடகைய முடிச்சுக்க முறையா நோட்டீஸ் குடுத்தா போதும், காரணமே சொல்ல வேண்டியதில்ல. நாங்க மனுசத்தன்மையோட காரணத்தையும் சொன்னோம், அதையே பிடிச்சுக்கிட்டு நிரூபிங்கறாரு.

இதுல ஊர்க்காரங்க பஞ்சாயத்து வேற. "ஒனக்குத்தான் வேலை இருக்கே, பாவம் அவரு பொழச்சுப் போறாரு." என் வீட்டுக்காரம்மா பொழப்பு பொழப்பு இல்லியா? சுக்காய் பிந்து (கட்டட வரி) கட்டுறது நாங்க, கூரை ஒழுகினா ஆள் விடுறது நாங்க, பக்கத்து கடைங்க வாடகை எங்கியோ போயிருச்சு, இவரு இன்னும் பழைய வாடகையிலேயே உக்காந்திருக்காரு, பாவம் மட்டும் அவருக்கா? இன்னொரு கூட்டம், "பூட்ட மாத்து, கரண்ட்ட கட் பண்ணு"ன்னு ஏத்தி விடுது. 1950 ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டம் 7(2) படி வாடகைக் காலம் முடிஞ்சாலும் கோர்ட் வழியாத்தான் எடுக்கணும், நாமளே பூட்டினா நாமதான் மாட்டுவோம். அந்தச் சட்டம் நியாயமானதுதான், தவுக்கேமாருங்க (மொதலாளிங்க) ராத்திரியோட ராத்திரியா சாமான தூக்கி ரோட்டுல போடாம இருக்கத்தான் அது. ஆனா கேஸுன்னா மாசக்கணக்குல இழுக்கும், லாயர் ஃபீஸ் நம்ம தலையில, அது தெரிஞ்சேதான் இவரு அசையாம இருக்காரு பாருங்க, அதத்தான் என்னால தாங்கிக்க முடியல.

மாசம் பொறந்தா பழைய வாடகைய பேங்க்ல போட்டு ரசீத வாட்சப்ல அனுப்புறாரு. அத சும்மா வாங்கிக்கிட்டா நோட்டீஸ விட்டுக் குடுத்துட்டோம்னு பின்னால வாதாடுவாங்கன்னு லாயர் சொல்லி, ஒவ்வொரு தடவையும் "இது வாடகை இல்ல, நீங்க காலி பண்ணாம இருக்கிறதுக்கான பணம்"னு எழுத்துல பதில் போடுறோம். எங்கப்பாக்கு இந்த வயசுல இதெல்லாம் தேவையா? அந்த அண்ணன் கடைய மொதல்ல தொறந்தப்போ டெப்பாசிட்ட கொஞ்சம் கொஞ்சமா குடுங்கன்னு விட்டவரு அவரு.

இனிமே பேச்சு இல்ல. 1956 சிவில் லா சட்டம் 28(4)ல காலம் முடிஞ்சும் போகாதவங்ககிட்ட ரெண்டு மடங்கு வாடகை கேக்க இடமிருக்கு, அதையும் கோர்ட் செலவையும் சேத்துத்தான் ஃபைல் பண்ண சொல்லிட்டேன். சமாதானம் பேச எங்க வீட்டுக்கு வரவங்க, மொதல்ல அவருகிட்ட போயி சாவிய வாங்கிட்டு வாங்க.